பின்னின்று குரல் தந்தவர்: அல்பெர்ட்டோ கவல்காந்தியின் திரைவாழ்வு

கவிதைக்கெனக் கூடிய ஒரு வட்டத்தின் பத்தாண்டு நிறைவு மலரில் பிரேசில் நாட்டுத் திரைப்படத் தயாரிப்பாளர் ஒருவரைப் பற்றிய கட்டுரை எதற்கு என்று அன்பர்கள் வினவக்கூடும். விடை எளிது. டபிள்யூ. எச். ஆடன் என்னும் ஆங்கிலக் கவிஞர் முதன்முதலாகத் திரைப்படத்துக்கு வரிகள் எழுதியபோது, அவ்வரிகள் யாருடைய குரலில், எந்த ஓசையின் மீது, எந்தக் காட்சியோடு இணைந்து ஒலிக்க வேண்டும் என்று வகுத்தவர் இவர். எழுதிய கவிஞரை உலகம் அறியும், இசையமைத்தவரையும் அறியும். இருவரையும் ஒரே படத்தொகுப்பு மேசையில் இணைத்தவரின் பெயர் திரைப்பட வரலாற்று நூல்களின் உட்பக்கங்களில் தங்கிவிட்டது. பிறர் படைப்புகளுக்குக் குரல் அமைத்துத் தந்த அவர், ஐம்பதை நெருங்கிக் கடந்த வயதில் தாயகம் திரும்பித் தம் மக்களைப் பற்றிப் படமெடுக்க முற்பட்டபோது, அது அயலான் குரல் என்று ஒதுக்கப்பட்டது. அந்தக் குற்றச்சாட்டு எந்த அளவுக்கு நியாயமானது என்பதே என் வினா.

அல்பெர்ட்டோ கவல்காந்தி 1897 பிப்ரவரி 6 அன்று ரியோ தெ ஜனீரோவில் பிறந்தார். தந்தையார் கணிதம் வல்லவர். மகன் இளம் வயதிலேயே சட்டக் கல்லூரியில் சேர்ந்து, பேராசிரியர் ஒருவரோடு வாதிட்டு வெளியேற்றப்பட்டான். தந்தை அவனை ஜெனீவாவுக்கு அனுப்பினார். சட்டமும் படிக்கக் கூடாது, அரசியலிலும் தலையிடக் கூடாது என்பது நிபந்தனை. கட்டடக் கலை பயின்ற இளைஞர் பாரிசில் உள் அலங்காரப் பணி செய்தார். பின்னர் இங்கிலாந்தின் லிவர்ப்பூல் நகரில் பிரேசில் தூதரக அலுவலகத்தில் வேலை பார்த்தார். அங்கிருந்தபடியே பிரெஞ்சு இயக்குநர் மார்செல் லெர்பியேவுடன் கடிதத் தொடர்பு ஏற்பட்டது. அதன் பயனாக அரங்க அமைப்பாளராகத் திரைத்துறைக்குள் நுழைந்தார். லெர்பியேயின் 'லினுமேன்' (1924) படத்தில் ஓவியர் ஃபெர்னான் லெஜே முதலியோருடன் இவரும் அரங்கம் அமைத்தார். கட்டடம் பயின்றவர் திரைக்கு வந்ததனால் ஒரு நன்மை விளைந்தது. ஒரு படத்தை எந்தெந்தப் பொருள்கள் சுமந்து நிற்கின்றன என்பதை அவர் கண் முதலில் தேடிற்று.

அந்தக் கண்ணுக்குச் சான்று 1926-இல் அவர் இயக்கிய 'நாழிகைகள் மட்டுமே' என்னும் பொருள்படும் தலைப்புடைய மௌனப் படம். பாரிஸ் நகரின் ஒரு நாள் வாழ்வே அதன் பொருள். படிக்கட்டில் இறங்கும் நாகரிகச் சீமாட்டிகளைக் காட்டித் தொடங்கும் படம், அக்காட்சியை அசையாப் படமாக உறையச் செய்து, உடனே அதைக் கிழித்தெறிகிறது. நாம் காணப்போவது இவர்களை அன்று என்பது குறிப்பு. செய்தித்தாள் விற்கும் பெண், தெருவோரத்து விலைமகள், மாலுமி, சந்துகளில் தள்ளாடிச் செல்லும் முதியவள் ஆகியோரே பின்னர் வருகின்றனர். தட்டில் இருக்கும் இறைச்சித் துண்டை ஒருவர் கத்தியால் அறுக்கும்போது, அந்தத் தட்டுக்குள்ளேயே இறைச்சிக்கூடத்தில் விலங்கு வெட்டப்படும் காட்சி விரிகிறது. ஒரு சொல்லும் இல்லை, விளக்கமும் இல்லை. ஜெர்மானியர் வால்ட்டர் ருட்மன் பெர்லின் நகரின் ஒரு நாளைப் படமாக்கியது இதற்கு அடுத்த ஆண்டில்தான் என்பது குறிப்பிடத்தக்கது. ஆயினும் நகரப் படங்கள் என்றதும் ருட்மனின் பெயரே முதலில் நாவில் வருகிறது. கவல்காந்தியின் வாழ்வில் இது முதல் முறை, இறுதி முறையன்று.

மறு ஆண்டில் வந்த 'ஆன் ராத்' படத்தைப் பற்றி இங்கே இரண்டு வரி போதும். பின்னர் அதனிடம் திரும்பி வரவேண்டியிருக்கிறது. மார்செய் துறைமுகத்தில் துணி வெளுத்துப் பிழைக்கும் தாய் ஒருத்தி. கப்பலேறித் தொலைதேசம் போகக் கனவு காணும் மகன். கப்பல்கள் போகின்றன, அவன் போவதில்லை.

பேசும்படம் வந்தது. அமெரிக்க பாரமவுண்ட் நிறுவனம் பாரிசை அடுத்த ஜுவான்வீல் படப்பிடிப்புக் கூடத்தில் ஒரே கதையை வெவ்வேறு மொழிகளில் வெவ்வேறு நடிகர்களைக் கொண்டு அடுத்தடுத்து எடுத்துத் தள்ளியது. கவல்காந்தி அங்கே பிரெஞ்சிலும் போர்த்துகீசியத்திலும் சில பதிப்புகளை இயக்கினார். கலை மதிப்பு என்று சொல்ல அவற்றில் ஏதுமில்லை. ஆனால் ஒலிப்பதிவு என்பது என்ன, வாயசைவும் குரலும் எப்படிப் பிரியும், எப்படிப் பொருந்தும் என்பதையெல்லாம் அந்த ஆலைப் பணியில்தான் அவர் கற்றார். அக்கல்வியோடு 1934-இல் இலண்டன் சென்றார்.

அங்கே பிரித்தானிய அஞ்சல் துறையின் படப்பிரிவு இயங்கி வந்தது. ஜான் கிரியர்சன் அதன் தலைவர். உழைக்கும் மக்களின் வாழ்வைப் படமாக்க வேண்டும் என்ற இலட்சியத்துடன் இளைஞர் பலரை அவர் திரட்டி வைத்திருந்தார். இலங்கையைப் பற்றிய 'சாங் ஆஃப் சிலோன்' என்ற படத்தை எடுத்து 1934-இல் வெளியிட்ட பேசில் ரைட் அவர்களுள் ஒருவர். ஆர்வம் மிகுதி; கருவி குறைவு; ஒலிப்பதிவில் அனுபவமோ மிகக் குறைவு. கவல்காந்தி அங்கே ஆசிரியரானார். கிரியர்சனுக்கும் அவருக்கும் தொடக்கத்திலிருந்தே ஒரு கருத்து வேறுபாடு இருந்தது. 'ஆவணப்படம்' என்ற பெயரே கவல்காந்திக்குப் பிடிக்கவில்லை. அதில் தூசி படிந்த கோப்பின் வாடை அடிப்பதாக உணர்ந்தார். புதிய யதார்த்தம் என்ற பொருளில் வேறு பெயர் சூட்டலாமே என்று கேட்டதாகவும், அரசிடம் பணம் பெறுவதற்கு ஆவணம் என்ற சொல்லே ஏற்றது என்று கிரியர்சன் சிரித்ததாகவும் அவர் முதுமையில் நினைவுகூர்ந்தார். ஒருவர் படத்தை மேடைச் சொற்பொழிவாகக் கண்டார். மற்றவர் படத்தைப் படமாகவே கண்டார். இருவரும் தேவைப்பட்டனர் என்பதே என் கருத்து. எனினும் வரலாறு எழுதும் வாய்ப்புச் சொற்பொழிவாளருக்கே எளிதில் கிட்டுகிறது.

1935-இல் கவல்காந்தி இயக்கிய 'கோல் ஃபேஸ்' சுமார் பதினொரு நிமிடப் படம். நிலக்கரிச் சுரங்கத்தின் வெட்டுமுகம் என்பது தலைப்பின் பொருள். காட்சிகளிற் பல வேறு படங்களுக்காக எடுக்கப்பட்டு எஞ்சியவை. புதுமை முழுவதும் ஒலியில் இருந்தது. இசையமைத்தவர் பெஞ்சமின் பிரிட்டன் என்னும் இருபத்தொரு வயது இளைஞர். சுரங்கப் பணிகளின் பெயர்களை ஆண்குரல்கள் ஒன்றுசேர்ந்து ஓதுகின்றன. வெறும் தொழிற்பெயர்கள் ஓதும் முறையினாலேயே தாளம் பெறுகின்றன. வேலை முடிந்து தொழிலாளர் இருளிலிருந்து மேலே வரும் வேளையில், அதுவரை கேளாத பெண்குரல்கள் எழுகின்றன. அவை பாடுவது ஆடன் எழுதிய சிறு காதற் பாட்டு. திரையில் ஒரு பெண்ணும் அப்போது பேசுவதில்லை. வீட்டில் காத்திருக்கும் பெண்களின் நெஞ்சம் அந்தக் குரல்களாக மட்டும் வந்து நிற்கிறது. கவிதை இங்கே படத்துக்கு விளக்கவுரை சொல்லவில்லை. படம் காட்டாததைத் தான் சுமக்கிறது.

அடுத்த ஆண்டில் வந்த 'நைட் மெயில்' பெரும்புகழ் பெற்றது. இலண்டனிலிருந்து ஸ்காட்லாந்துக்கு இரவில் ஓடும் அஞ்சல் வண்டியின் கதை அது. ஹாரி வாட், பேசில் ரைட் ஆகியோர் அதனை ஆக்கியோர். கவல்காந்தி ஒலி இயக்கம். ஓடும் வண்டிக்குள் கடிதங்களைப் பிரிக்கும் காட்சி உண்மையில் கூடத்தில் அமைத்த பெட்டியில் எடுக்கப்பட்டது. தண்டவாள இணைப்புகளைக் கடக்கும் சக்கர ஓசையை உண்மை வண்டியிற் பதிவு செய்து பார்த்தார்கள், தெளிவாக அமையவில்லை. இறுதியில் பொம்மைத் தண்டவாளத்தில் பொம்மை வண்டியை முன்னும் பின்னும் உருட்டி அந்த ஓசையைப் பெற்றார்கள். உண்மையின் ஓசைக்குப் பொய் வண்டி தேவைப்பட்டது! படத்தின் இறுதிப் பகுதியில், வண்டி மேட்டில் ஏறத் தொடங்கும்போது, ஆடனின் வரிகள் சக்கரத்தின் சந்தத்திலேயே தொடங்குகின்றன. வேகம் கூடக் கூடச் சொற்களும் விரைகின்றன. ஓதுபவர் மூச்சு முட்டும் அளவுக்கு விரைவதால் பகுதி பகுதியாகப் பதிவு செய்து இணைக்க வேண்டியிருந்தது. காட்சியின் நீளத்துக்குப் பொருந்தாத வரிகள் வெட்டப்பட்டன. கவிஞர் அதற்கு இசைந்தார். நம்மிற் பலர் இசைவோமா என்று நான் எண்ணிப் பார்ப்பதுண்டு. ஒரு சீரை மாற்றச் சொன்னாலே முகம் சுளிக்கும் குலம் நம்முடையது.

இந்த அனுபவத்தையெல்லாம் திரட்டி 1939-இல் திரைப்பட ஒலியைப் பற்றிக் கவல்காந்தி ஒரு கட்டுரை எழுதினார். படம் நேராகக் கூறுகிறது, ஒலி குறிப்பால் உணர்த்துகிறது என்பது அதன் மையம். இன்ன விலங்கு என்று தெரியாத ஓசை, கண்ணாற் கண்ட விலங்கைவிட அச்சுறுத்தும் என்பது போன்ற நுட்பங்களை அதில் காண்கிறோம். இறைச்சி, உள்ளுறை என்று இலக்கணம் வகுத்த மொழியின் மாணவர்க்கு இக்கருத்து அயலாகத் தோன்றாது.

'தயாரிப்பாளர்' என்ற சொல்லைப் பற்றி இங்கே ஒரு வார்த்தை. நம் வழக்கில் அது பணம் போடும் முதலாளியைக் குறிக்கிறது. அஞ்சல் துறைப் படப்பிரிவில் அவ்வாறன்று. யார் எந்தப் படத்தை எடுப்பது, எங்கே வெட்டுவது, எந்த ஓசையைச் சேர்ப்பது, இளைஞன் தளர்ந்தால் எப்படித் தேற்றுவது என்பனவெல்லாம் அப்பணியில் அடங்கும். 1937-இல் கிரியர்சன் விலகிய பின் கவல்காந்தி அப்பணியை ஏற்றார். ஹாரி வாட்டின் 'நார்த் சீ' (1938), ஹம்ஃப்ரி ஜென்னிங்ஸின் 'ஸ்பேர் டைம்' (1939) ஆகியவை அவரது தயாரிப்பில் வந்தவை. ஜென்னிங்ஸ் பின்னாளில் பிரித்தானியத் திரையின் கவிஞர் என்று போற்றப்பட்டார். போர் தொடங்கிப் படப்பிரிவு அரசின் தகவல் அமைச்சகத்தின் கீழ் வந்தபோது, அதன் தலைவர் பிரித்தானியக் குடிமகனாக இருத்தல் வேண்டும் என்ற நிலை எழுந்தது. கவல்காந்தி குடியுரிமை மாற இசையவில்லை. 1940-இல் ஈலிங் படநிறுவனத்துக்குச் சென்றார். பிரேசிலில் பின்னாளில் அவரை அயலான் என்றவர்கள் இந்த நிகழ்ச்சியை நினைத்துப் பார்த்திருக்கலாம்.

ஈலிங் காலத்துப் படங்களுள் இரண்டு மட்டும் போதும். 'வென்ட் த டே வெல்?' (1942) கிரகாம் கிரீனின் சிறுகதை ஒன்றைத் தழுவியது. பிரித்தானிய வீரர் வேடத்தில் ஜெர்மானியர் ஓர் ஆங்கிலச் சிற்றூரைக் கைப்பற்றுகின்றனர். ஊர்க்காரர் ஒருவர் போர் முடிந்துவிட்டது போல நம்மிடம் பேசித் தொடங்கும் படம் அது. உண்மையில் அப்போது போர் நடுவில் இருந்தது. தபால் நிலையத்தை நடத்தும் அன்பான முதிய பெண்மணி, சாப்பாட்டு மேசையில் எதிரியின் கண்ணில் மிளகுத்தூளை வீசிக் கோடரியால் வெட்டிக் கொல்கிறாள். உதவி கேட்டுத் தொலைபேசியில் அழைக்கிறாள். மறுமுனையில் இணைப்பகப் பெண்கள் அரட்டையில் மூழ்கியிருக்கின்றனர். பதில் வருமுன் அவளும் கொல்லப்படுகிறாள். அமைதியான ஆங்கிலக் கிராமம் எத்தகைய வன்மையைத் தன்னுள் கொண்டிருக்கிறது என்பதைக் காண ஓர் அயலவரின் கண் வேண்டியிருந்தது. அந்நியத் தன்மை இங்கே குறையன்று, அதுவே பார்வை.

மற்றொன்று நால்வர் இயக்கிய 'டெட் ஆஃப் நைட்' (1945). அதில் கவல்காந்தி இயக்கிய பொம்மைக் கதை இன்றும் அஞ்சத்தக்கது. உதடசையாமல் பேசிப் பொம்மையைப் பேசவைக்கும் கலைஞனாக மைக்கேல் ரெட்கிரேவ் நடித்தார். மெல்ல மெல்லப் பொம்மை அவனை ஆட்டுவிக்கிறது. அவன் பொம்மையை நசுக்கி அழித்த பின், இறுதியில் அவன் வாயைத் திறக்கும்போது வருவது பொம்மையின் குரல். குரல் யாருடையது? பத்தாண்டுகளாகப் பிறர் படங்களுக்குக் குரல் அமைத்த ஒருவர் இக்கதையை இயக்கினார் என்பதை வெறும் தற்செயல் என்று என்னால் கடந்து செல்ல இயலவில்லை. ஆனால் அதை ஒப்புதல் வாக்குமூலமாகவும் நான் கொள்ளவில்லை. கதையை எழுதியவர் வேறொருவர்.

1949-இல் சாவ் பாவ்லோ கலை அருங்காட்சியகத்தில் உரையாற்ற அழைப்பு வந்தது. கவல்காந்தி தாயகம் சென்றார். அதே ஆண்டு நவம்பரில் பிராங்கோ சம்பாரி என்ற பொறியாளரும் பிரான்சிஸ்கோ மட்டராசோ சோப்ரினோ என்ற தொழிலதிபரும் 'வேரா குரூஸ்' படநிறுவனத்தைத் தொடங்கினர். ரியோவில் அப்போது இசையும் கேலியும் கலந்த மலிவான களியாட்டப் படங்கள் கொடிகட்டிப் பறந்தன. அவற்றை இழிவாகக் கருதிய சாவ் பாவ்லோ செல்வர்கள், உலகத் தரத்தில் பிரேசில் படங்களைத் தருவோம் என்றனர். சாவ் பெர்னார்தோ தோ காம்போவில் பெருங்கூடங்கள் எழுந்தன. கவல்காந்தி தலைமைத் தயாரிப்பாளர். ஐரோப்பாவிலிருந்து வல்லுநர்களை வரவழைத்தார்: 'நைட் மெயில்' ஒளிப்பதிவாளர்களுள் ஒருவரான சிக் ஃபௌல், 'த தேர்ட் மேன்' படத்தைத் தொகுத்த ஆஸ்வால்ட் ஹாஃபென்ரிக்டர் முதலியோர். முதற்படமான 'கைசாரா' (1950) இத்தாலியரான அடோல்ஃபோ செலியின் இயக்கத்தில் கடற்தீவு ஒன்றில் உருவாகி, 1951-இல் கான் விழாவுக்குச் சென்றது. அந்த 1951-இலேயே கவல்காந்திக்கும் நிறுவனத்தாருக்கும் உறவு முறிந்தது.

முறிவுக்கான காரணங்களைச் சொன்னவர் ஒவ்வொருவரும் ஒவ்வொன்றைச் சொன்னார். செலவாளி என்றனர், அதிகாரப் பித்தர் என்றனர், இடதுசாரி என்றனர், இடதுசாரிகளோ அயல்நாட்டு அழகுப்பித்தர் என்றனர். அவர் தன்பாலீர்ப்பு உடையவர் என்பதும் அவருக்கு எதிரான இழிசொல்லாகப் பயன்படுத்தப்பட்டது. இவற்றுள் கலை சார்ந்த குற்றச்சாட்டு ஒன்றே ஆராயத்தக்கது. வேரா குரூஸ் படங்களின் வெளிச்சமும் நிழலும் ஐரோப்பியக் கூடத்தின் மெருகு கொண்டவை. கடற்கரை மீனவனின் முகத்திலும் அந்த மெருகு படிந்தது. இது உண்மை. கிளாபர் ரோஷா 1963-இல் வெளியிட்ட விமரிசன நூலில் அம்முயற்சியை ஈவிரக்கமின்றிச் சாடியதும் இதனாற்றான். ஆனால் நிறுவனம் 1954-இல் நொடித்ததற்குக் காரணம் மெருகு அன்று. நுழைவுச்சீட்டு விலையை அரசு கட்டுப்படுத்தியிருந்தது. படச்செலவோ உள்நாட்டு வசூலால் மீளாத அளவுக்கு இருந்தது. வெளிநாட்டு விநியோகம் பிறர் கையில். லிமா பரேட்டோவின் 'ஓ கங்கசேய்ரோ' 1953-இல் கான் விழாவில் பரிசு பெற்று நாடு நாடாக ஓடியபோது, அந்த வெளிநாட்டு வருவாய் அமெரிக்க கொலம்பியா நிறுவனத்துக்குப் போய்ச் சேர்ந்தது. உலகையே வென்ற படத்தை எடுத்த நிறுவனம் மறு ஆண்டில் மூடும் நிலைக்கு வந்தது.

கவல்காந்தி இதை முன்பே கண்டிருந்தார் என்று கொள்ள இடமுண்டு. 1951-இல் அதிபர் வர்காஸ், தேசியத் திரைப்பட நிறுவனம் ஒன்றை அமைப்பதற்கான ஆய்வுக் குழுவை அவர் பொறுப்பில் விட்டார். அறிக்கை தரப்பட்டது, சட்டமாகவில்லை. அத்தகைய நிறுவனம் பிரேசிலில் அமைந்தது 1966-இல். இடையில் அவர் போர்த்துகீசிய மொழியில் திரைப்படமும் யதார்த்தமும் பற்றி ஒரு நூல் எழுதினார். 'ஒற்றைக்கண் சிமாவ்' (1952) என்ற நகைச்சுவைப் படத்தை இயக்கினார். அதற்குப் பின் வந்ததே இக்கட்டுரை தேடிவந்த படம்.

'ஓ காந்தோ தோ மார்' (1953) என்றால் கடலின் பாடல். வடகிழக்குப் பிரேசிலின் ரெசிஃபே நகரம். உள்நாட்டு வறட்சியிலிருந்து தப்பிக் கடற்கரைக்கு வந்து குவியும் ஏழைகள். துணி வெளுக்கும் தாய். தெற்கே கப்பலேறிப் போகத் துடிக்கும் மகன். ஆம், மார்செய் நகரின் 'ஆன் ராத்' கதையேதான். தம் பழைய பிரெஞ்சுப் படத்தை வெப்பநாட்டு உடையில் மீண்டும் எடுத்தார் என்று சொல்லிவிடுவது எளிது. நான் அதை மறுவிதமாகப் படிக்கிறேன். மார்செயில் அந்த இளைஞனின் ஏக்கம் ஒரு கனவு. கப்பல், கடல், தொலைவு ஆகியவற்றின் மயக்கம். ரெசிஃபேயில் அதற்குக் காரணம் உண்டு. காரணத்தின் பெயர் வறட்சி. 1927-இல் கவிதையாக இருந்தது 1953-இல் வரலாறாகிறது. அதே கதை தன் ஊரைக் கண்டடைந்தது என்று சொல்வேன். தொழில்முறை நடிகரல்லாதார், வடகிழக்கின் பாட்டு, சடங்கு ஆகியவை அதில் நிறைந்துள்ளன. சில இடங்களில் சடங்குகள் கதையைவிட நீண்டு, பயணியின் குறிப்பேடு போலாகிவிடுகின்றன என்பதையும் மறைக்க வேண்டுவதில்லை. படம் 1954-இல் கான் விழாவின் போட்டிக்குச் சென்றது.

அதன்பின் ஒரு படம் இயக்கிவிட்டு 1950களின் நடுவில் அவர் மீண்டும் ஐரோப்பா சென்றார். பிரெக்ட்டின் 'பூண்ட்டிலா' நாடகத்தை ஆஸ்திரியாவில் படமாக்கினார். இசை ஹான்ஸ் ஐஸ்லர். இத்தாலி, இங்கிலாந்து, இசுரேல் என்று நாடு நாடாகத் தொடர்ந்த பிற்காலப் பணிகளில் பழைய ஆற்றல் சிறு சிறு பொறிகளாகவே தெரிகிறது. 1970களில் தம் படங்களின் பகுதிகளைத் தாமே தொகுத்து, 'ஒரு மனிதனும் திரைப்படமும்' என்று பொருள்படும் தலைப்பில் ஒரு படம் ஆக்கினார். 1982 ஆகஸ்டு 23 அன்று பாரிசில் காலமானார். வயது எண்பத்தைந்து.

அவர் சென்ற பிறகு பிரேசிலில் நடந்தவற்றுள் இரண்டைச் சொல்ல வேண்டும். 1955-இல் நெல்சன் பெரெய்ரா தோஸ் சாந்தோஸ், கூடங்களை விட்டு ரியோவின் தெருக்களில் இறங்கி, வேர்க்கடலை விற்கும் ஐந்து சிறுவர்களின் ஒரு ஞாயிற்றுக்கிழமையைப் படமாக்கினார். 'ரியோ, 40 பாகை' என்பது பெயர். அந்நகரில் வெப்பம் ஒருபோதும் 40 பாகையைத் தொட்டதில்லை என்று காவல் தலைவர் சொல்லித் தடை விதித்தது தனிக்கதை. புதிய பிரேசில் திரையின் வித்து என்று போற்றப்படும் அப்படம் வேரா குரூஸ் வழிக்கு நேர் எதிரானது. ஒரு நகரம், ஒரு நாள், தெருவில் பொருள் விற்றுப் பிழைப்போர் என்ற அதன் அமைப்பைக் காணும்போது 1926-இன் பாரிஸ் எனக்கு நினைவில் எழுகிறது. செல்வாக்கு என்று நிறுவ என்னிடம் சான்றில்லை, ஒற்றுமை இருக்கிறது.

மற்றொன்று சான்றுடையது. கவல்காந்தி அழைத்துவந்த சிக் ஃபௌல், அழைத்தவர் நாட்டைவிட்டுச் சென்ற பின்னும் பிரேசிலிலேயே தங்கினார். 1962-இல் அன்செல்மோ துவார்த்தே இயக்கிய 'ஓ பகதோர் தெ ப்ரோமேசாஸ்' கான் விழாவில் பொற்பனை விருதைப் பெற்றது. பிரேசில் படமொன்றுக்கு அவ்விருது கிட்டியது அதுவே முதன்முறை. நேர்ந்துகொண்டபடி மரச்சிலுவையைச் சுமந்து வந்து, சால்வதோர் நகரத் தேவாலயப் படிகளில் தடுத்து நிறுத்தப்படும் எளிய உழவன் ஒருவனின் கதை அது. துவார்த்தே வேரா குரூஸ் படங்களில் நாயகனாக நடித்தவர். ஒளிப்பதிவு சிக் ஃபௌல். அப்படத்தின் பெயர்ப்பட்டியலில் கவல்காந்தியின் பெயர் இல்லை.